வலையில் விழாத மீன் அழிந்துவிட்டதா?

தாமிரபரணிக் கரையில், சேரன்மாதேவி படித்துறையில் உட்கார்ந்துகொண்டு, "முன்னெல்லாம் துண்டை விரிச்சா நாலு வகைக் கெண்டை விழும், இப்ப அந்தச் சாதியே கிடையாது வே" என்று ஒரு அண்ணாச்சி சொன்னால் நமக்கு அது போதும். மீன் ஆராய்ச்சிக்காரர்களுக்குப் போதாது. இருக்கிறது என்று காட்ட ஒரே ஒரு மீன் போதும், இல்லை என்று காட்டத்தான் பாடு.

தாமிரபரணிக்கே உரிய ஒரு கெண்டை உண்டு. உடம்பில் கறுப்புத் திட்டுகள், ஆண் மீனுக்கு முதுகுத் துடுப்பின் கதிர்கள் நூல் நூலாக நீண்டிருக்கும். 1954-ல் சைலஸ் என்ற மீனியல் அறிஞர் இதை விவரித்து ஆற்றின் பெயரையே வைத்தார். இது இன்னும் இருக்கிறது, ஆனால் அழியும் ஆபத்தில் உள்ளவற்றின் பட்டியலில்.

சரி, இதைத் தேடிப் போகிறோம் என்று வையுங்கள். ஒரு தடவை வலை போட்டால் அகப்பட 30 சதவீத வாய்ப்பு. மீன் அங்கே இருந்தும் பத்துத் தடவையும் வலை வெறுமையாக வர வாய்ப்பு 3 சதவீதம்கூட இல்லை. ஆனால் மீன் அருகிப்போய் அந்த 30 வெறும் 5 ஆகிவிட்டால்? பத்துத் தடவை தேடியும் தவறவிட 60 சதவீத வாய்ப்பு! அதை 5 சதவீதத்துக்குள் கொண்டுவர அறுபது தடவை போக வேண்டும், அதுவும் ஒரே கசத்தில் (ஆற்றின் ஆழமான மடுவில்) ஒரே வலையோடு நின்றால் கணக்கில் சேராது. மீன் குறையக் குறையத் தேடல் கூட வேண்டும், நடப்பதோ பெரும்பாலும் தலைகீழ்.

இங்கேதான் தண்ணீரே சாட்சி சொல்லும் முறை உதவுகிறது. மீன் போகிற இடமெல்லாம் கோழை, செதில், கழிவு என்று டிஎன்ஏவை உதிர்த்துக்கொண்டே போகிறது. தண்ணீரை மொண்டு நுண்வடிகட்டியில் வடித்து, அந்த மீனுக்கே உரிய துணுக்கை மட்டும் பிசிஆரில் பெருக்கிப் பார்ப்பார்கள் (கொரோனாவுக்கு மூக்கில் குச்சி விட்டார்களே, அதே பிசிஆர்தான்). 2008-ல் பிரான்ஸ் நாட்டுக் குட்டைகளில் ஒரு தவளையை இப்படித்தான் கண்டுபிடித்தார்கள். சிக்கல் என்னவென்றால், ஓடுகிற ஆற்றில் சேரன்மாதேவியில் எடுத்த துணுக்கு மேலே பாபநாசத்துப் பக்கமிருந்துகூட மிதந்து வந்திருக்கலாம்.

அவசரப்பட்டு முடிவு கட்டினால் பாதுகாப்பும் நின்றுவிடும், இருந்த நாலு மீனும் போய்ச் சேரும். வங்கத்துச் செல் ஆற்று விரால் 80 ஆண்டுகளுக்கும் மேலாகக் கண்ணில் படாமல் இருந்து அண்மையில் மறுபடி அகப்பட்டது. எதிர்ப்பக்கமும் உண்டு: சீனத்து யாங்சி ஆற்றின் துடுப்புமூக்கு மீன் 2003-க்குப் பிறகு யார் கண்ணிலும் படவில்லை, ஆனால் அழிந்ததாக அதிகாரபூர்வமாக அறிவித்தது 2022-ல்தான்.

நம் ஆற்றில் நேரமும் பார்க்க வேண்டும். ஐப்பசி, கார்த்திகை வெள்ளத்தில் செம்மண் கலங்கி வடிகட்டி அடைத்துக்கொள்ளும், சித்திரை வெயிலில் டிஎன்ஏ சீக்கிரம் சிதையும். நான் போவதென்றால் தையில் போவேன், போகுமுன் எந்தக் கசம், எந்த மாசம் என்று அந்த அண்ணாச்சியிடம் கேட்டுக்கொண்டு.