இரண்டாவது பாம்பு பழிவாங்க வரவில்லை

இந்த மார்ச்சிலும் நடந்துவிட்டது. குமரி மாவட்டத்து மலையோரம் ஒரு ரப்பர் தோட்டம். வீட்டை ஒட்டிய விறகுப்புரையில் சாயங்காலம் ஒரு ராஜநாகத்தைப் பார்த்து அடித்திருக்கிறார்கள். மறுநாள் காலை அதே புரையில் இன்னொன்று. அதையும் அடித்துவிட்டார்கள். வனத்துறையினர் இரண்டு உடல்களையும் பிரேதப் பரிசோதனைக்கு என்னிடம் கொண்டுவந்தபோது தோட்டக்காரரும் கூடவே வந்திருந்தார். தப்பு செய்துவிட்டோம் என்ற எண்ணம் அவரிடம் துளியும் இல்லை. "அது ஜோடி சாரே. ஒண்ண அடிச்சா மத்தது சும்மா விடுமா? அதான் தேடி வந்துட்டு" என்றார்.

முதலில் அடிபட்டது பெண். வயிற்றைத் திறந்தால், இன்னும் ஓடு கட்டாத மஞ்சள் கருக்கள் வரிசையாகத் திரண்டு நின்றன. இரண்டாவது, நல்ல வளர்ந்த ஆண். (உயிரோடு இருக்கும் பாம்பைத் தூரத்தில் நின்று பார்த்தே ஆண், பெண் என்று அடித்துச் சொல்பவர்களை நம்பாதீர்கள். வாலடியில் ஆய்வுக்கம்பி விட்டுப் பார்த்தால்தான் எங்களுக்கே உறுதியாகும்.) அந்த ஆண் எதற்கு வந்தது என்பதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. அது பெண்ணின் வாசனையைப் பிடித்துக்கொண்டு வந்தது. அவ்வளவுதான்.

மேற்குத் தொடர்ச்சி மலையில் ராஜநாகங்கள் கூடும் காலம் பெரும்பாலும் பிப்ரவரி பிற்பகுதியிலிருந்து ஏப்ரல் வரை. அப்போது பெண் ஊர்ந்துபோன வழியெல்லாம் அதன் தோலின் வாசனை தங்கிவிடும். ஆண் நாக்கை நீட்டி நீட்டி அந்தத் தடத்திலேயே வரும். பெண் உங்கள் விறகுப்புரையில் கிடந்திருந்தால் ஆண் விறகுப்புரைக்குத்தான் வரும். குளியலறைக்குள் கிடந்திருந்தால் அங்கேயும் வரும். பெண்ணைக் கொன்று புதைத்தாலும் தரையில் ஒட்டிய வாசனை உடனே போய்விடாது. ஒன்றல்ல, இரண்டு மூன்று ஆண்கள் அடுத்தடுத்து வந்தாலும் ஆச்சரியமில்லை. இதைத்தான் நம் ஊரில் பழி என்கிறார்கள்.

இந்த நம்பிக்கை மேல் எனக்கு இருக்கும் கோபத்தை மறைக்கப்போவதில்லை. ஒரு பாம்பு சாகிற இடத்தில் இரண்டு பாம்புகள் சாவது இதனால்தான். யோசித்துப் பாருங்கள். பழிவாங்க வேண்டுமென்றால் கொன்றவரின் முகம் நினைவிருக்க வேண்டும், செத்தது தன் துணை என்ற உறவு இருக்க வேண்டும். ராஜநாகத்துக்குக் குடும்பம் என்று ஒன்று கிடையாது. கூடி முடித்த ஆண் தன் வழியே போய்விடும். கூடு கட்டுவது, முட்டையிடுவது, காவல் கிடப்பது எல்லாம் பெண் ஒற்றையாகவே செய்யும் வேலை. இன்னும் ஒன்று சொல்கிறேன். கர்நாடகத்தின் அகும்பே காடுகளில், ஏற்கெனவே வேறோர் ஆணோடு கூடிய பெண்ணை, பின்னால் வந்த ஆண் கொன்றதைக் கண்ணால் கண்டு பதிவு செய்திருக்கிறார்கள். ராஜநாகத்தின் இரையே பாம்புகள்தான். தன் இனத்தையும் அது விட்டுவைக்காது. தானே பெண்ணைக் கொல்லக்கூடிய ஒரு விலங்கா அந்தப் பெண்ணுக்காக உங்களிடம் கணக்குத் தீர்க்க வரும்?

இதே சூட்டில் சாரை விஷயத்தையும் முடித்துவிடுகிறேன். சாரை ஆண், நாகம் பெண், இரண்டும் பிணையும் என்று இன்றும் படித்தவர்களே சொல்கிறார்கள். சாரையில் ஆணும் உண்டு, பெண்ணும் உண்டு. ராஜநாகத்துக்குச் சாரை பிடித்தமான இரை.

அடுத்தது, ஆண்டுதோறும் கைபேசிக்குக் கைபேசி சுற்றும் 'பாம்புப் பிணையல்' காணொளி. இரண்டு ராஜநாகங்கள் உடலை முறுக்கிக்கொண்டு, தலையைத் தூக்கி ஆடும். சுற்றிலும் கூட்டம் நின்று கும்பிடும். யாராவது ஒருவர் புது வேட்டியை அதன்மேல் விரிக்கப் போவார், அந்தத் துணி வீட்டில் இருந்தால் செல்வம் சேருமாம். ஐயா, அது கூடல் அல்ல. இரண்டு ஆண்களின் மல்யுத்தம். எதிராளியின் தலையைத் தரையில் அழுத்தினால் வெற்றி. மணிக்கணக்காக நீளும், பொதுவாக ஒன்றையொன்று கடிப்பதில்லை, தோற்றது விலகிப் போய்விடும். பாம்புகளில் பல இனங்களில் பெண்தான் பெரிது. ராஜநாகத்தில் ஆண் பெரிதாக இருப்பதற்கு இந்தச் சண்டையும் ஒரு காரணம். உண்மையான கூடல் அமைதியாக நடக்கும். ஆண் தலையால் பெண்ணின் உடலை உரசி, முட்டி, இணங்கவைக்கும். பிறகு வாலடி இணைந்தபடி இரண்டும் வெகுநேரம் அசையாமல் கிடக்கும். அதை யாரும் படம் எடுத்துப் பரப்புவதில்லை.

பத்துப் பன்னிரண்டு அடி நீளமுள்ள இரண்டு பாம்புகள் வெறியோடு மோதும்போது வேட்டியோடு கிட்டப் போகிறவர் எதை நம்பிப் போகிறார்? நம் மருத்துவமனைகளில் இருக்கும் விஷமுறிவு மருந்து நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என நான்கு பாம்புகளின் விஷத்துக்காகச் செய்யப்பட்டது. ராஜநாகத்துக்கான மருந்து தாய்லாந்தில் தயாராகிறது. அவசரத்துக்கு நம் தாலுகா மருத்துவமனையில் கிடைக்காது. கடிபட்டவருக்கு மூச்சு நின்றுபோகாமல் செயற்கைச் சுவாசம் கொடுத்துக் காப்பாற்றப் பார்ப்பதுதான் இங்கே வழி. ராஜநாகம் தானாக மனிதரைத் தேடி வந்து கடிப்பது மிக அரிது. கடிபடுகிறவர்களில் பெரும்பாலோர் அதைப் பிடிக்கப் போனவர்கள், கையில் வைத்து வித்தை காட்டியவர்கள்.

இனி கூடு. இதைப் பற்றிப் பேச எனக்கு எப்போதும் ஆசை. பாம்புகளில் கூடு கட்டுவதாக அறியப்பட்டது இது ஒன்றுதான். கூடிய சுமார் இரண்டு மாதத்துக்குள், கையும் காலும் இல்லாத அந்தப் பெண் தன் உடலை வளைத்துச் சருகை வாரி வாரி இழுத்து, முழங்கால் உயரத்துக்கு ஒரு குவியல் எழுப்பும். மூங்கில் புதரின் அடிவாரம் அதற்குப் பிடித்த இடம். நடுவில் இருபது முதல் நாற்பது முட்டை வரை இட்டு, மேலே சருகை இறுக்கி மூடிவிடும். சருகு மக்கும்போது எழும் சூடு முட்டைக்குப் போதும். தென்மேற்குப் பருவமழை கொட்டும் ஜூன், ஜூலையில் காடே நனைந்து கிடக்க, அந்தக் குவியலின் உள்ளே முட்டைகள் நனையாமல் இருக்கும். பெண் மேலேயோ பக்கத்திலேயோ கிடந்து காவல் காக்கும். குஞ்சு பொரியும் முன் கிளம்பிவிடும். பொரிய எண்பது முதல் நூறு நாள் ஆகலாம்.

தோட்டங்களில் சிக்கல் வருவது இந்தக் கட்டத்தில்தான். சருகுக் குவியல் என்று நினைத்துத் தீ வைப்பார்கள். அல்லது, அதைவிடப் பெரிய வேதனை, 'காப்பாற்றுகிறேன்' என்று முட்டைகளை அள்ளிச் சாக்கில் போட்டுக்கொண்டு வருவார்கள். பாம்பு முட்டையைக் கோழிமுட்டை மாதிரி உருட்டிப் புரட்டக் கூடாது. கரு உள்ளே ஒரு பக்கத்தில் ஒட்டி வளர்கிறது, புரட்டினால் செத்துவிடும். சாக்கில் வந்த முட்டைகளை என் மேசையில் பிரித்துப் பார்த்துப் பார்த்துச் சலித்துவிட்டேன். தயவுசெய்து தொடாதீர்கள்.

பாம்பு பிடிக்கும் தம்பிகளிடமும் ஒரு வார்த்தை. மார்ச், ஏப்ரலில் பிடிபடும் பெண்ணைத் தொலைதூரக் காட்டில் கொண்டுபோய் விடாதீர்கள். அகும்பேயில் உடலுக்குள் ரேடியோ கருவி வைத்துப் பின்தொடர்ந்த ஆய்வில், இடம் மாற்றி விடப்பட்ட ராஜநாகம் திசை தெரியாமல் நெடுந்தூரம் அலைந்தது தெரிந்தது. முட்டை சுமக்கும் பெண்ணுக்கு அந்த அலைச்சல் தாங்காது. பிடித்த இடத்துக்கு அருகிலுள்ள காட்டோரத்திலேயே விடுங்கள். கேமராவுக்காக வாலைப் பிடித்து ஆட்டுவதை இன்றோடு நிறுத்துங்கள்.

தோட்டத்தில் இருப்பவர்கள் செய்யவேண்டியது அதிகமில்லை. பிப்ரவரிக்குள் விறகையும் கூரை ஓடுகளையும் சுவரோடு சேராமல் அடுக்குங்கள். விடியுமுன் பால்வெட்டப் போகும்போது தலைவிளக்கோடு முழங்கால்வரை பூட்ஸும் போடுங்கள். ஒன்றைப் பார்த்தால் பிள்ளைகளையும் நாயையும் உள்ளே இழுத்துக் கதவைச் சாத்திவிட்டு வனச்சரக அலுவலகத்தைக் கூப்பிடுங்கள்; அடுத்த சில நாளும் அந்த இடத்தில் கவனமாக இருங்கள், இன்னொன்று வரலாம். கூடு கண்டால் முப்பது அடி தள்ளிக் கயிறு கட்டி ஆள் நடமாட்டத்தை நிறுத்துங்கள். கேரளத்திலும் கர்நாடகத்திலும் வீட்டுத் தோட்டத்துக் கூடுகளை இப்படியே காவல் காத்து, பொரிக்கும் நாள் நெருங்கியதும் வலை கட்டி, குஞ்சுகளைக் காட்டில் விட்டிருக்கிறார்கள். நம்மாலும் முடியும். 2024-இல் ராஜநாகத்தை நான்கு இனங்களாகப் பிரித்தார்கள். நம் மலையில் இருப்பது ஓபியோஃபேகஸ் காளிங்கா. மேற்குத் தொடர்ச்சி மலையை விட்டால் உலகில் வேறெங்கும் அது இல்லை.

ஆடி, ஆவணியில் ஒன்றரை அடி நீளத்தில், கறுப்பு உடலில் வெளிர் பட்டைகளோடு குட்டிகள் தென்பட்டால் கட்டுவிரியன் என்று அடித்துவிடாதீர்கள். கையாலும் எடுக்காதீர்கள், முட்டையை விட்டு வெளிவரும்போதே அதற்கு முழு விஷம் உண்டு. ஒன்று தெரிந்தால் பக்கத்தில் இன்னும் இருக்கும். வனத்துறை வரும்வரை கண்ணை மட்டும் அதன்மேல் வையுங்கள்.