ஏ4 தாளுக்குள் ஒளிந்திருக்கும் மீ.பொ.கா.

156 செ.மீ., 221 செ.மீ. என்று இரண்டு கம்பிகள். துளியும் மிச்சம் விழாமல் இரண்டையும் ஒரே அளவுத் துண்டுகளாக வெட்ட வேண்டும், துண்டு முடிந்த வரை நீளமாக இருக்க வேண்டும். பள்ளிக் கணக்கில் இதே கேள்வி ஒரு வருடம் கயிறாக வரும், அடுத்த வருடம் எண்ணெய் டின்னாக வரும், அப்புறம் டைல்ஸாக வரும். எல்லாவற்றுக்கும் விடை மீப்பெரு பொதுக் காரணிதான், அதாவது மீ.பொ.கா. (இலங்கையில் படித்தவர்களுக்குப் பொ.கா.பெ.) இது பலருக்கும் நினைவிருக்கும். ஏன் அது விடையாகிறது என்று கேட்டால்தான் கொஞ்சம் தடுமாற்றம்.

காரணம் எளிதுதான். துண்டின் நீளம் 156-ஐ மீதியில்லாமல் வகுக்க வேண்டும், 221-ஐயும் வகுக்க வேண்டும், அப்படியென்றால் அது இரண்டுக்கும் பொதுவான காரணி. இருப்பதிலேயே நீளமானது வேண்டுமென்றால் அந்தக் காரணிகளில் பெரியது. சிக்கல் அதைக் கண்டுபிடிப்பதில் இருக்கிறது. பகாக் காரணிகளாகப் பிரி என்று சொல்லிக்கொடுக்கிறார்கள். 156 பரவாயில்லை, 2×2×3×13 என்று உடைந்துவிடும். 221-ஐப் பார்த்தவுடன் 13×17 என்று எத்தனை பேருக்குத் தோன்றும்? பாதிப் பேர் அதைப் பகா எண் என்று எழுதிவிட்டுப் போய்விடுவார்கள்.

எனக்குக் கேட்டால் காரணிகளை மறந்துவிட்டுக் கம்பியையே பார்க்கலாம் என்பேன். இரண்டு கம்பிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். ஏதோ ஒரு அளவுகோல் இரண்டையும் மிச்சமில்லாமல் அளக்கிறது என்றால், நீளமான கம்பி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் பகுதியையும் அது மிச்சமில்லாமல் அளந்தே ஆக வேண்டும், வேறு வழியில்லை. நீட்டிக்கொண்டிருப்பது 221−156, அதாவது 65. ஆக 221-ஐ விட்டுவிடலாம், இனிமேல் 156-ம் 65-ம்தான் கணக்கு. 156-லிருந்து 65-ஐ இரண்டு முறை எடுத்தால் மிச்சம் 26. 65-லிருந்து 26-ஐ இரண்டு முறை எடுத்தால் மிச்சம் 13. 26-ல் 13 சரியாக இரண்டு முறை போகிறது, மிச்சம் எதுவும் இல்லை. விடை 13 செ.மீ.; ஒரு கம்பியில் 12 துண்டு, இன்னொன்றில் 17. ஒரு எண்ணைக்கூடக் காரணிப்படுத்தவில்லை.

இது கிரேக்கக் கணித அறிஞர் யூக்ளிடின் பெயரில் வழங்கும் யூக்ளிட் முறை. கி.மு. 300 வாக்கில் அவர் எழுதிய நூலின் ஏழாம் பகுதி இதோடுதான் தொடங்குகிறது, அங்கே எண்களைக் கோடுகளாகத்தான் வரைந்திருப்பார்கள். வேகமும் குறைவில்லை: சிறிய எண்ணில் எத்தனை இலக்கம் இருக்கிறதோ அதன் ஐந்து மடங்குக்கு மேல் வகுத்தல் தேவைப்படாது என்று 1844-ல் பிரெஞ்சுக் கணித அறிஞர் கேப்ரியல் லாமே நிரூபித்தார். நூறு இலக்க எண் என்றாலும் 500 வகுத்தலுக்குள் முடிந்துவிடும். அதே எண்ணைக் காரணிப்படுத்தப் போனால் கணினியே திணறக்கூடும்.

கணக்கு போடும்போது கவனிக்க வேண்டியது இரண்டே விஷயம். ஒன்று அலகு: 2 மீ. 21 செ.மீ. என்றிருந்தால் முதலில் எல்லாவற்றையும் செ.மீ. ஆக்குங்கள். இன்னொன்று மீதி: 125 லிட்டர், 95 லிட்டர் இரண்டையும் ஒரே அளவு டின்களில் ஊற்றினால் ஒவ்வொன்றிலும் 5 லிட்டர் மிஞ்சுகிறது என்றால், அந்த 5-ஐ முதலிலேயே கழித்துவிட்டு 120-க்கும் 90-க்கும் மீ.பொ.கா. பார்க்க வேண்டும், டின்னின் அதிகபட்ச அளவு 30 லிட்டர். "மறுபடி எப்போது ஒன்றாக மணி அடிக்கும்" வகைக் கேள்விகள் இந்தக் கூட்டத்தில் சேராது, அது மீச்சிறு பொது மடங்கு, அதாவது மீ.சி.ம.

டைல்ஸ் கணக்கு மட்டும் கொஞ்சம் வேடிக்கை. 12 அடி 6 அங்குலத்துக்கு 10 அடி அறை, அதாவது 150-க்கு 120 அங்குலம். மீ.பொ.கா. 30. இரண்டரை அடிச் சதுர டைல்ஸ் இருபது போட்டால் வெட்டாமல் நிரம்பும். கடைக்குப் போனால் இரண்டுக்கு இரண்டுதான் எடுத்துக் காட்டுவார்கள். டைல்ஸ் போடுபவர் மீ.பொ.கா. எல்லாம் பார்க்க மாட்டார், கட்டரை எடுத்து ஓரத்தை அறுத்து, அறுத்த பக்கத்தைப் பீரோவுக்குப் பின்னால் வருகிற மாதிரி பதித்துவிட்டுப் போய்விடுவார். அவர் செய்வது சரிதான்.

ஆனால் சதுரத்தால் நிரப்புவது என்பதில் யூக்ளிட் முறையைக் கண்ணாலேயே பார்த்துவிடலாம். ஒரு ஏ4 தாளை எடுங்கள், 297-க்கு 210 மி.மீ. அதில் வெட்டக்கூடிய மிகப்பெரிய சதுரம் 210, அது ஒன்றுதான் கிடைக்கும், மிச்சம் 210-க்கு 87. அதிலிருந்து 87 பக்கமுள்ள சதுரம் இரண்டு. அப்புறம் 36-ல் இரண்டு, 15-ல் இரண்டு, 6-ல் இரண்டு, கடைசியில் 3-ல் இரண்டு, தாள் தீர்ந்தது. மீ.பொ.கா. 3 மி.மீ. அந்த எண்ணிக்கையைக் கவனித்தீர்களா? முதலில் ஒன்று, பிறகு இரண்டு, இரண்டு, இரண்டு என்றே போகிறது.

தற்செயல் இல்லை இது. ஏ வரிசைத் தாளைப் பாதியாக மடித்தாலும் நீள அகல விகிதம் மாறக்கூடாது. அதற்கு நீளம் அகலத்தைப் போல √2 மடங்கு இருக்க வேண்டும். அப்படித் துல்லியமாக √2 இருக்கும் ஒரு தாளை இப்படி வெட்டிக்கொண்டே போனால் ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு சதுரம் போக மிஞ்சுவது முந்தைய மிச்சத்தின் அதே வடிவில் சிறியதாக இருக்கும், அதனால் வெட்டு முடியவே முடியாது. நீளத்தையும் அகலத்தையும் மிச்சமில்லாமல் அளக்கும் கோல் எதுவுமே கிடையாது. √2 விகிதமுறா எண் என்பதன் பொருளே அதுதான். நம் ஏ4 தாளில் வெட்டு 3 மி.மீ.யில் நின்றதற்குக் காரணம், தரம் வகுத்தவர்கள் அளவை முழு மில்லிமீட்டருக்குத் திருத்தி எழுதியதுதான். ஏ0 தாளின் 1189-க்கு 841-ஐ எடுத்துப் பாருங்கள், அங்கேயும் ஒன்று, இரண்டு, இரண்டு என்று வந்து 29 மி.மீ.யில் நிற்கும்.