பிள்ளையின் பையில் வேப் இருந்தால்: 2019 தடைச் சட்டம் சொல்வது என்ன?

பள்ளிப் பையைத் துவைக்க எடுத்தால் உள்ளே பென் டிரைவ் மாதிரி ஒன்று. முகர்ந்தால் மாம்பழ வாசம். கேட்டால், "சிகரெட் இல்லம்மா, சும்மா ஃபிளேவர் ஆவிதான்" என்று பதில் வரும். அதுதான் வேப், அதாவது இ-சிகரெட்: திரவத்தைச் சூடாக்கி ஆவியாக இழுக்க வைக்கும் மின் கருவி. அந்த நிமிடம் பெற்றவர்களுக்கு இரண்டு கேள்விகள் எழும். இது கடையில் கிடைக்கிறதே, தடை இல்லையா? போலீஸுக்குத் தெரிந்தால் பிள்ளையைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களா?

தடை இருக்கிறது, நாடு முழுக்க. தமிழ்நாடு அரசு 2018-லேயே தடை போட்டது. மத்திய அரசு 2019 செப்டம்பர் 18 அன்று அவசரச் சட்டம் கொண்டுவந்தது. அதே ஆண்டு டிசம்பரில் அது முழுச் சட்டமானது. சாதாரண சிகரெட்டை 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு விற்கக் கூடாது, பள்ளி, கல்லூரியிலிருந்து 100 கெஜத்துக்குள் விற்கக் கூடாது என்று விதி. வேப்புக்கு அந்தக் கணக்கே கிடையாது. எந்த வயதுக்காரருக்கும், எந்த இடத்திலும் விற்கக் கூடாது. தயாரிப்பது, இறக்குமதி, ஏற்றுமதி, கொண்டுசெல்வது, விநியோகம், விளம்பரம் எல்லாமே குற்றம். ரீல்ஸில் காட்டி விற்பதும் இதில் வரும். மின் ஹூக்காவும் வரும்.

'நிகோட்டின் இல்லை' என்று அட்டையில் எழுதியிருந்தால் தப்பிக்கலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். முடியாது. நிகோட்டின் இருந்தாலும் இல்லாவிட்டாலும் இ-சிகரெட்தான் என்று சட்டத்தின் விளக்கத்திலேயே இருக்கிறது.

விற்பவருக்கு முதல் முறை ஓராண்டு வரை சிறை, அல்லது 1 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மறுபடி மாட்டினால் மூன்றாண்டு வரை சிறையும் 5 லட்சம் வரை அபராதமும். தெரிந்தே தன் இடத்தில் சரக்கு வைக்க விட்டவருக்கு ஆறு மாதம் வரை சிறை, அல்லது 50,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். சப்-இன்ஸ்பெக்டர் பதவிக்குக் குறையாத காவல் அதிகாரி சோதனை போட்டுப் பறிமுதல் செய்யலாம்.

சரி, பிள்ளைக்கு என்ன ஆகும்? வேப் இழுப்பதற்கென்று தனித் தண்டனைப் பிரிவு இந்தச் சட்டத்தில் இல்லை. அதற்காக அனுமதி என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். கையில் வைத்திருப்பதே சட்டமீறல் என்று மத்திய சுகாதார அமைச்சகம் சொல்லியிருக்கிறது. எனக்கு அதிகம் பயம் வேறோர் இடத்தில். நாலு நண்பர்களிடம் காசு வாங்கி, ஒரு பையன் மொத்தமாக வாங்கிவந்து பிரித்துக் கொடுப்பான். அவன் கண்ணுக்கு அது உதவி. சட்டத்தின் கண்ணுக்கு அது விற்பனை, விநியோகம். வெளிநாட்டிலிருந்து வரும் மாமாவிடம் ஒன்றே ஒன்று வாங்கிவரச் சொன்னாலும் இறக்குமதிதான். இதைப் பிள்ளையிடம் அடிக்காமல், திட்டாமல், உட்கார்ந்து சொல்லிவிடுங்கள்.

இவ்வளவு கடுமை ஏன் என்றால், அது வெறும் ஆவி இல்லை. புரோப்பிலீன் கிளைகால், கிளிசரின் கலந்த திரவத்தைச் சுருள்கம்பி சூடாக்குகிறது. அந்தச் சூட்டில் ஃபார்மால்டிஹைடு போன்ற நச்சுகள் உண்டாகின்றன. கம்பியிலிருந்து நிக்கல், ஈயம் போன்ற உலோகத் துகளும் நெஞ்சுக்குள் போகலாம். இப்போதைய வேப்களில் பெரும்பாலும் நிகோட்டின் உப்பு வடிவில் இருக்கிறது. அது தொண்டையில் உறுத்தாது, அதனால் எவ்வளவு இழுத்தோம் என்பது பிள்ளைக்கே தெரியாது. மூளை 25 வயதுவாக்கில்தான் முழுதாக வளர்ந்து முடிகிறது. அதற்குள் நிகோட்டின் புகுந்தால் கவனம், கற்றல், மனநிலை மூன்றும் பாதிக்கப்படும். பழக்கமும் பெரியவர்களைவிடச் சீக்கிரம் பிடித்துக்கொள்ளும். 2019-ல் அமெரிக்காவில் வேப்பால் நுரையீரல் பாதிக்கப்பட்டவர்கள் வரிசையாக மருத்துவமனைக்கு வந்தார்கள். 2020 பிப்ரவரிக்குள் 2,807 பேர். 68 பேர் இறந்தார்கள். பெரும்பாலும் கஞ்சாச் சத்து கலந்த திரவமும் அதில் சேர்த்த வைட்டமின் இ அசிடேட்டும்தான் அதற்குக் காரணம். தடைசெய்யப்பட்ட சந்தையில் வாங்கும் திரவத்துக்குள் என்ன இருக்கிறது என்று யார் சோதித்துச் சொல்வது? வீட்டில் சின்னக் குழந்தை இருந்தால் அந்தத் திரவத்தைக் குடித்துவிடும் ஆபத்தும் உண்டு.

விற்கும் கடை எது என்று தெரிந்தால் காவல் நிலையத்தில் சொல்லுங்கள். பழக்கத்தை விடுவதற்கு உதவும் தேசிய எண் 1800-11-2356, கட்டணமில்லை. மனப்பதற்றம் கூடினால் அரசின் மனநல உதவி எண் டெலி மனஸ் 14416, தமிழிலேயே பேசலாம். நிறுத்திய முதல் சில நாள்தான் மிகக் கஷ்டம்: எரிச்சல், தூக்கமின்மை, படிப்பில் மனம் நிற்காதது. அப்புறம் இரண்டு முதல் நான்கு வாரத்தில் மெல்லத் தணியும். அந்த நாள்களில் பரீட்சை மார்க்கைப் பற்றிப் பேச்செடுக்காதீர்கள். ராத்திரி தூக்கம் வராமல் எழுந்து உட்கார்ந்தால் நீங்களும் கொஞ்ச நேரம் கூட உட்காருங்கள்.