உட்கார்ந்துவிட்ட புகை

பாத்திரத்தின் அடியில் பிடிப்பதும் கரி, அடுப்பில் மிஞ்சுவதும் கரி. பெயர் ஒன்றுதான், பிறப்பு வேறு. அடுப்புக்கரி என்பது விறகு கிடந்த இடத்திலேயே மிஞ்சுவது. உடைத்துப் பார்த்தால் மரத்தின் ரேகைகூடத் தெரியும். பாத்திரத்தில் பிடிக்கும் புகைக்கரியோ வாயுவிலிருந்து உருவாவது. சாம்பலும் வேறுதான். அது எரியவே முடியாத தாதுப்பொருள். புகைக்கரி எரிந்திருக்க வேண்டியது, தப்பித்துவிட்டது.

ஆங்கிலத்தில் இதை 'சுட்' என்பார்கள். நம் 'சுடு' நினைவுக்கு வரும். உறவு எதுவும் இல்லை. பழைய ஆங்கிலத்தில் அது 'சோட்'. அதற்கும் முந்தைய இந்தோ-ஐரோப்பிய வேர் 'செட்', பொருள் 'உட்கார்'. ஆங்கில 'சிட்', ரஷ்ய மொழியில் புகைக்கரியைக் குறிக்கும் 'சாஜா', 'உபநிஷத்' என்ற சொல்லின் கடைசித் துண்டு எல்லாம் அந்த வேரில் கிளைத்தவை. போய் உட்கார்ந்துகொள்வது என்பதால்தான் இந்தப் பெயர். தமிழின் 'ஒட்டடை' ஒட்டுவதைச் சொல்கிறது. அவர்கள் உட்காருவதைச் சொல்கிறார்கள்.

அது ஏன் போய் உட்கார வேண்டும்? மெழுகுவத்திச் சுடரின் நடுப்பகுதிக்கு ஆக்சிஜன் போதுமான அளவு எட்டாது. அங்கே மெழுகின் ஆவி வெப்பத்தில் சிதைந்து அசெட்டிலீன் போன்ற சிறு மூலக்கூறுகளாகிறது. அவை கூடி பென்சீன் வளையங்களாகி, வளையங்கள் அடுக்கடுக்காகச் சேர்ந்து, சில பத்து நானோமீட்டர் அளவுள்ள கரி உருண்டைகளாகின்றன. உருண்டைகள் திராட்சைக் கொத்துபோல ஒட்டிக்கொள்ளும். சுடரின் மஞ்சள் வெளிச்சமே இந்த உருண்டைகள் தகதகப்பதுதான்! சுடரின் விளிம்பை எட்டியதும் பெரும்பாலும் எரிந்து தீர்ந்துவிடும்.

குளிர்ந்த எவர்சில்வர் கரண்டியை மஞ்சள் பகுதிக்குள் மூன்று வினாடி பிடியுங்கள். உலோகம் வெப்பத்தை உறிஞ்சுவதால் எரிவது அந்த இடத்தில் நின்றுவிடும். சூடான பக்கத்து வாயு மூலக்கூறுகள் துகளை வேகமாக மோதிக் குளிர்ந்த பக்கம் தள்ளும். கரண்டி கறுக்கும். சுடர் நுனிக்கு மேலே தள்ளிப் பிடித்தால் அவ்வளவாகக் கறுக்காது. கரி அதற்குள் எரிந்திருக்கும். அங்கேயும் கறுத்தால் திரி நீளம். 6 மில்லிமீட்டருக்கு வெட்டிவிட வேண்டும். நீளத் திரி ஆவியை அதிகமாகத் தருகிறது, காற்று ஈடுகொடுப்பதில்லை. கேஸ் அடுப்பு மஞ்சளாக எரிந்தாலும் இதே கதைதான். பர்னருக்குக் காற்று போகும் துளையில் தூசி அடைத்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

சுவரில் படிந்த கரியை ஈரத்துணியால் துடைப்பதுதான் பலரும் செய்யும் தவறு. துகளோடு தார் போன்ற எண்ணெய்ப் பொருளும் ஒட்டியிருக்கும். தண்ணீரில் கரையாது, தேய்க்கத் தேய்க்கச் சுவரின் நுண்துளைகளுக்குள் இறங்கும். கறையும் அகலமாகும். முகமூடி அணிந்து, தேய்க்காமல் வாக்குவம் கிளீனரால் உறிஞ்சி எடுத்த பிறகே சோப்புநீர். வெறுங்கையால் தொடாதீர்கள்: புகைபோக்கி துடைத்தவர்களின் விதைப்பைத் தோலில் வந்த புற்றுநோய்க்கு இந்தக் கரியே காரணம் என்று பெர்சிவல் பாட் என்ற ஆங்கிலேய மருத்துவர் 1775-லேயே எழுதிவிட்டார்.