கடல் தாண்டி வந்த பெண்ணுக்கு இங்கே என்ன உரிமை?

இலங்கைப் போரில் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண் ஒருவர் இன்று மண்டபம் அகதிகள் முகாமில் இருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். "நீங்க இந்தியப் பிரஜை இல்லையேம்மா" என்று சொல்லிவிடுவார்களோ என்ற பயத்திலேயே அவர் எந்த அலுவலகப் படியும் ஏறியிருக்க மாட்டார். அவருக்குத் துணையாக நிற்கும் தன்னார்வலர்களுக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

கசப்பானதை முதலில் சொல்லிவிடலாம். அங்கே அந்நாட்டவர் செய்த குற்றத்துக்கு ராமநாதபுரம் போலீஸ் வழக்கு நடத்த முடியாது. பாதிக்கப்பட்டவருக்கு நம்மூர் அரசு தரும் நிவாரணத் தொகையும் இங்கே நடக்கும் குற்றங்களுக்குத்தான். அதை வாங்கித் தருகிறேன் என்று யாராவது பணம் கேட்டால் கொடுக்காதீர்கள்.

சரி, கிடைப்பது என்ன? முக்கியமானது சிகிச்சை. 2017 மனநலச் சட்டத்தின் 18ஆம் பிரிவு, அரசு நடத்தும் மனநலச் சேவை 'ஒவ்வொரு நபருக்கும்' உரிமை என்கிறது. 'குடிமக்களுக்கு' என்று சொல்லவில்லை. அந்த ஒரு சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. தூக்கம் வராமை, திடுக்கிட்டு எழுவது, ஆண் குரல் கேட்டாலே உடம்பு நடுங்குவது என்று சொன்னாலே போதும், நடந்ததை முழுக்க விவரிக்கச் சொல்லி யாரும் கட்டாயப்படுத்தக் கூடாது. டாக்டரிடம் சொன்னது ரகசியம் என்று 23ஆம் பிரிவு காப்பாற்றுகிறது. முகாமில் ஒரு வீட்டில் பேசுவது அடுத்த வீட்டில் கேட்கும். அதனால் பேச்சை ஆஸ்பத்திரியிலேயே வைத்துக்கொள்ளுங்கள். பக்கத்து வீட்டு அக்கா கேட்டால், கண் காட்டப் போனோம் என்று சொன்னால் தப்பில்லை.

அடுத்தது வக்கீல். 1987 சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி பெண் என்றாலே இலவச சட்ட உதவி உண்டு, வருமானச் சான்று வேண்டாம். இன வன்முறையால் பாதிக்கப்பட்டவர்களையும் அதே பிரிவு தனியாகச் சேர்த்திருக்கிறது. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம், அல்லது 15100-க்குப் போன் செய்யலாம். ஆலோசனையோ தங்க இடமோ வேண்டுமென்றால் 181.

இங்கே, முகாமுக்குள்ளோ வெளியிலோ, ஒருவர் பாலியல் வன்முறை செய்தால் அது வேறு கதை. புகாரைப் பெண் அதிகாரிதான் பதிய வேண்டும். எந்த ஆஸ்பத்திரியும், தனியார் உட்பட, உடனடியாக இலவசமாகப் பார்த்தாக வேண்டும். பெயரை வெளியிட்டால் இரண்டு ஆண்டு வரை சிறை. நிவாரணமும் கேட்கலாம், வங்கதேசத்துப் பெண் ஒருவருக்கு 10 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்று 2000-ல் உச்ச நீதிமன்றம் சொன்னபோது, உயிர் வாழும் உரிமை வெளிநாட்டவருக்கும் உண்டு என்றே காரணம் சொன்னது.

அப்புறம் அக்கரை விஷயம். இலங்கையில் 2018-ல் வந்த சட்டப்படி இழப்பீடுகளுக்கான அலுவலகம் இருக்கிறது. போர்க் குற்றச் சாட்சியங்களைத் திரட்டிப் பாதுகாக்க 2021-ல் ஐநா மனித உரிமைப் பேரவை தீர்மானம் போட்டு, அந்த வேலையை ஐநா மனித உரிமை அலுவலகத்திடம் கொடுத்தது. இவற்றுக்கு எதையாவது எழுதிக் கொடுக்கும் முன் வக்கீலிடம் ஒருமுறை காட்டுங்கள். அங்கே இன்னும் உறவினர்கள் இருந்தால் அவர்கள் பாதுகாப்பையும் யோசிக்க வேண்டும். சாட்சி சொல்வதா வேண்டாமா என்பதை அந்தப் பெண்தான் முடிவு செய்ய வேண்டும், கூடப் போகிறவர் இல்லை.