ஷட்டர் போடும் முன் யாருக்கு வாடகைக்கு விடப் போகிறீர்கள்?

"மெயின் ரோட்டு மேலேயே இடம் சார், என்ன வாடகை கேட்கலாம்?" என்று போன் செய்பவர்களிடம், யாருக்கு விடுவதாக உத்தேசம் என்று திருப்பிக் கேட்பேன். பாதிப் பேரிடம் பதில் இருக்காது. சென்னைப் புறநகரில் வரிசையாக ஷட்டர் வைத்துக் கட்டி, "கடை வாடகைக்கு" போர்டோடு பூட்டிக் கிடப்பவற்றில் பலவற்றுக்கு இடம் ஒரு குறையே இல்லை, வரக்கூடிய ஆளை நினைத்துக் கட்டவில்லை, அவ்வளவுதான்.

எல்லா ஓனர்களுக்கும் வங்கி மேல்தான் ஆசை. பொதுத்துறை வங்கிகள் பேப்பரில் விளம்பரம் கொடுத்து, டெக்னிக்கல் பிட் (இடத்தின் விவரம்), பிரைஸ் பிட் (நீங்கள் கேட்கும் வாடகை) என்று இரண்டு கவரில் கேட்பார்கள். பெரும்பாலும் தரைத்தளம்தான் வேண்டும். வாடகையைக் கார்பெட் ஏரியாவுக்கு, அதாவது சுவர்களுக்குள் புழங்கும் தரைக்குத்தான் கணக்குப் போடுவார்கள் என்பதால் படிக்கட்டு, பொது வராண்டா எல்லாம் சேர்த்து நீங்கள் சொல்லும் சதுர அடி அங்கே எடுபடாது. ஸ்ட்ராங் ரூமை உங்கள் செலவில் கட்டித் தரச் சொல்வதும், ஜெனரேட்டருக்கும் மாடி ஆன்டெனாவுக்கும் தனி வாடகை இல்லாமல் இடம் கேட்பதும் சகஜம். இதற்கெல்லாம் சம்மதித்தாலும், வீட்டுக்கு அப்ரூவல் வாங்கிவிட்டுக் கீழே கடை கட்டியவர்கள் பிளானைக் காட்டும்போதே அடிபட்டுப் போவார்கள்.

ஹோட்டல்காரர் வேறு ரகம். அனுபவசாலியாக இருந்தால் முகப்பைப் பார்க்கும் முன்பே கொல்லைப்பக்கம் போய்விடுவார். புகைக்குழாயை மொட்டை மாடி வரை கொண்டுபோக வழி இருக்கிறதா, தண்ணீர் லாரி உள்ளே வருமா, கழிவுநீரில் எண்ணெய்ப் பிசுக்கைப் பிரிக்கத் தொட்டி கட்ட இடம் உண்டா, 19 கிலோ சிலிண்டர்களை எங்கே வைப்பது என்று வரிசையாகக் கேட்பார். மேல் மாடியில் குடித்தனம் இருந்தால் பெரும்பாலும் பேச்சு அங்கேயே முடிந்துவிடும். வாடகையில் அவர் கறாராகப் பேசுவதற்கும் காரணம் உண்டு: 5 சதவீத ஜிஎஸ்டியில் சாப்பாடு விற்பவர், வாடகைக்குக் கட்டும் 18 சதவீத வரியைத் தான் அரசுக்குக் கட்ட வேண்டிய ஜிஎஸ்டியில் கழித்துக்கொள்ள முடியாது. ஜவுளிக்கடைக்காரருக்கு அந்தப் பிரச்சினை இல்லை, அவருக்கு ரோட்டைப் பார்த்த அகலம்தான் உயிர். 15 அடி முகப்போடு 80 அடி உள்ளே போகும் கடையைக் காட்டினால் காரை விட்டே இறங்க மாட்டார்.

மெடிக்கல் ஷாப்புக்கு லைசென்ஸ் வேண்டுமென்றால் குறைந்தது 10 சதுர மீட்டர், அதாவது சுமார் 108 சதுர அடி இருக்க வேண்டும். கணக்காகப் பத்துக்குப் பத்து அறைகளாகப் பிரித்துக் கட்டியவர்கள் அந்த எட்டு சதுர அடியில் ஒரு நல்ல வாடகைதாரரை இழக்கிறார்கள். கிளினிக்காக இருந்தால் சாய்தளமும் ஸ்ட்ரெச்சர் நுழையும் லிஃப்டும் கேட்பார்கள். சூப்பர் மார்க்கெட்டுக்கு நடுவில் தூண்கள் குறைவாக இருக்க வேண்டும். டியூஷன் சென்டரும் ஜிம்மும் முதல் மாடிக்கே வந்துவிடுவார்கள், ஆனால் பைக் நிறுத்த இடம் இல்லையென்றால் பக்கத்துக் கடைக்காரர்களின் புகார் முதலில் உங்களிடம்தான் வரும்.

செங்குன்றம், ஒரகடம் பக்கம் குடோன் கேட்கிற கம்பெனிகளுக்குக் கட்டிட அழகு பற்றிக் கவலையே இல்லை. உயரம், தரை தாங்கும் எடை, 40 அடி கன்டெய்னர் திரும்பும் அளவு, இந்த மூன்றும் சரியென்றால் நேராக வாடகைக்கு வந்துவிடுவார்கள். நம்ம ஊர் வழக்கப்படி 11 மாத ஒப்பந்தத்தை நீட்டினால் வாங்க மாட்டார்கள், பல வருட லீஸ், அதைப் பதிவு செய்தே ஆக வேண்டும்.

அப்புறம், வாடகைக்கு ஆள் இருக்கும் கடையை முதலீடாக வாங்க வருபவர்களுக்கு ஒரு வார்த்தை. கட்டிடத்தைச் சுற்றிப் பார்க்கும் முன் லீஸ் பத்திரத்தைக் கேளுங்கள். பெரிய பிராண்டு உட்கார்ந்திருக்கிறது என்று விற்பவர்கள் விலையை ஏற்றிச் சொல்வார்கள். லாக்-இன், அதாவது ஒப்பந்தத்தை இடையில் முறிக்க முடியாத காலம், இன்னும் எத்தனை மாதம் பாக்கி, அது வாடகைதாரரையும் கட்டுப்படுத்துகிறதா, ஓனரை மட்டுமா என்று பாருங்கள். ஓனரை மட்டும் என்றால், நீங்கள் கிரயம் முடித்த மறு மாதமே அந்த பிராண்டு நோட்டீஸ் கொடுத்துவிட்டுக் கிளம்பலாம், அட்வான்ஸையும் நீங்கள்தான் திருப்பித் தர வேண்டியிருக்கும்.