பால் பத்தலை என்று தாய் மீது பழி போடாதீர்கள்

புதுச்சேரியில் குழந்தைகள் மருத்துவராக இருக்கிறேன். நேற்றும் அதே கதைதான். இரண்டு மாதக் குழந்தை மாமியார் மடியில். தாயிடம் கேள்வி கேட்டால் மாமியார் பதில் சொல்கிறார்: "இவளுக்குப் பால் பத்தலை டாக்டர், பவுடர் எழுதிக் குடுங்க." எடை போட்டேன். நன்றாகவே ஏறியிருக்கிறது. தாய் தலை நிமிரவே இல்லை.

குழந்தை அழுதாலே பசி என்று யார் சொன்னது? ஈரத்துக்கு அழும், புழுக்கத்துக்கு அழும், தூக்கச் சொல்லி அழும். சாயங்காலத்தில் காரணமே தெரியாமலும் அழும். ஆறாவது வார வாக்கில் இது அதிகமாகி, மூன்று நான்கு மாதத்தில் தானாகக் குறையும். மார்பைப் பிழிந்து பார்த்தும் முடிவு கட்டாதீர்கள். குழந்தை உறிஞ்சுகிற அளவுக்குக் கையால் எடுக்க வராது. நாளைக்கு ஆறு தடவையாவது சிறுநீர் போகிறதா? முதல் மூன்று மாதத்தில் தினம் 20 முதல் 30 கிராம் ஏறுகிறதா? அப்படியானால் பால் போதும். தேவையில்லாமல் பவுடர் கொடுத்தால் குழந்தை தாயிடம் உறிஞ்சுவது குறையும், சுரப்பும் குறையும். அப்புறம் நிஜமாகவே பத்தாமல் போகும்.

பால் ஊற வேண்டும் என்பார்கள். சளி பிடிக்கும் என்று தாய்க்குத் தண்ணீர் தர மாட்டார்கள். சளி கிருமியால் வருவது. தாகத்துக்குத் தண்ணீர் கொடுங்கள். வேலைக்குப் போனால் "பிள்ளையைவிடச் சம்பளம் பெரிசா?" போகாவிட்டால் "லோனை யார் கட்டுறது?" ஒரே வீட்டில் இரண்டையும் கேட்டால் அவள் என்னதான் செய்வாள்?

சேதராப்பட்டு பக்கம் கம்பெனி வேலைக்குப் போகும் பெண்கள் பலருக்குச் சட்டமே தெரிவதில்லை. மகப்பேறு நலச் சட்டத்தில் செய்த 2017 திருத்தத்திலிருந்து, முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால், முதல் இரண்டு பிரசவத்துக்கு 26 வாரம் சம்பளத்துடன் விடுப்பு உண்டு. 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் குழந்தைகள் காப்பகம் வேண்டும். தாய் நாளைக்கு நான்கு முறை அங்கே போய்வரலாம். கேட்டு வாங்குங்கள்.

வேலைக்குப் போகும் முன் பாலைச் சுத்தமான பாத்திரத்தில் எடுத்து உடனே ஃபிரிட்ஜில் வையுங்கள். நம் ஊர் வெயிலில் வெளியே வைக்க வேண்டாம். 24 மணி நேரத்துக்குள் பாலாடையில், அதாவது மூக்கு வைத்த சின்னக் கிண்ணத்தில், புகட்டுங்கள். பாட்டில் வேண்டவே வேண்டாம்.

இன்னொன்று. பிரசவமாகி இரண்டு வாரம் தாண்டியும் தாய் அழுதுகொண்டே இருந்தால், குழந்தை தூங்கும்போதும் அவளுக்குத் தூக்கம் வராவிட்டால், அதைத் திமிர் என்று சொல்லாதீர்கள், தயவுசெய்து. அது சிகிச்சையில் சரியாகக்கூடிய நோயாக இருக்கலாம். 14416 என்ற டெலி மானஸ் எண்ணில், அதாவது அரசின் மனநல உதவி எண்ணில், இலவசமாகத் தமிழிலேயே பேசலாம். உயிரை விட்டுவிடலாம் என்று ஒரு வார்த்தை சொன்னாலும் தனியாக விடாமல் அன்றைக்கே மருத்துவமனைக்கு அழைத்து வாருங்கள்.

அப்பாக்களே, வாசலில் பைக்கிலேயே உட்கார்ந்திருக்காமல் உள்ளே வாருங்கள். ராத்திரி துணி மாற்றவும், ஏப்பம் விடத் தட்டவும் உங்களுக்கும் கை இருக்கிறது.